மலையகத்துல இருந்து டைரக்டர் ஆகணுமா? கெமரா வாங்குறதுக்கு முன்னாடி இதப் படிங்க

தோட்டத்துப் பக்கமிருந்து தம்பி தங்கச்சிமார் மெசேஜ் போட்டா மொதக் கேள்வியே "அண்ணே எந்த கெமரா நல்லம்"ங்கிறதுதான். எனக்கு அதுக்கு பதில் சொல்லவே மனசு வராது. கெமரா ஓட்ட கெமராமேன் இருக்காரு, லைட் போட ஆள் இருக்கு, வெட்டி ஒட்ட எடிட்டர் இருக்காரு. டைரக்டருக்கு சம்பளம் குடுக்குறது முடிவெடுக்குறதுக்கு. இந்த ஆள் எங்க நிக்கணும், அவர எங்க இருந்து பாக்கணும், எப்ப வெட்டணும், மழை வந்தா எந்த சீன தள்ளி வச்சிட்டு எத எடுக்கணும், காலையில இருந்து சாப்பிடாம எரிஞ்சு விழுற நடிகர எப்படி சமாளிக்கணும்னு நாள் முழுக்க கேள்வி வந்துகிட்டே இருக்கும், எல்லாரும் உங்க மூஞ்சியத்தான் பாப்பாங்க. அந்தப் பழக்கத்த கொழும்புக்கோ சென்னைக்கோ போகாம லயத்துல, அதாவது நம்ம தோட்டத்து வரிசை வீட்டுல இருந்தே ஆரம்பிக்கலாம். கையில இருக்குற போன் போதும்.

மொதல்ல பாக்கப் பழகணும். புடிச்ச படத்துல ஒரு மூணு நிமிஷ சீன எடுத்து சத்தத்த மூடிட்டு திருப்பித் திருப்பி பாருங்க. எத்தன வெட்டு, அதாவது ஒரு ஷாட் முடிஞ்சு அடுத்த ஷாட் வர்ற எடம், இருக்குன்னு எண்ணுங்க, ஒவ்வொரு வெட்டுக்கும் கெமரா எங்க நின்னிருக்கும்னு கொப்பியில மேல இருந்து பாக்குற மாதிரி ஒரு வரைபடம் போடுங்க. சலிப்பான வேலதான், ஆனா இதச் செய்யாதவங்க எடுக்குற குறும்படத்த பார்த்த ஒடனேயே தெரிஞ்சிரும். ஒன்னு, பேசுற ரெண்டு பேரையும் பேசி முடியிற வரைக்கும் ஒரே ஷாட்ல வச்சிருப்பாங்க, இல்லாட்டி காரணமே இல்லாம ஸ்லோமோஷன், மேல ட்ரோன், கீழ சோகமான வயலின்.

அடுத்தது ஒரு பக்கம் எழுதுங்க. ஒழுங்கான ஸ்கிரிப்ட் ஃபார்மட்ல ஒரு பக்கம்னா திரையில சுமாரா ஒரு நிமிஷம்னு கணக்கு. கத எங்கயும் தேடிப் போகத் தேவயில்ல. உதாரணத்துக்கு இத எடுத்துக்குவோம். அம்மா மலையில இருந்து வந்து கூடைய இறக்கி வைக்கிறா. மகன் நாளைக்கு கொழும்புல ஒரு கடை வேலைக்கு போகப் போறான், அத இன்னும் அம்மாகிட்ட சொல்லல. அவ்வளவுதான் சீன்.

இதுக்கு வசனம் எழுதச் சொன்னா மொதத் தடவ எல்லாருமே "அம்மா, நான் உங்களப் பிரிஞ்சு போறேன்மா, குடும்பத்த காப்பாத்தணும்மா"ன்னு எழுதுவாங்க. இது டிவி சீரியல்ல இருந்து வர்ற வசனம். நம்ம வீட்ல எவன் அப்படி பேசுறான்? பிளேன்டீய ஆத்திக் குடுத்துட்டு "அம்மா, நாளைக்கு காலையில பஸ்ஸுக்கு சில்லற இருக்கா"ன்னு கேட்டா போதும். அம்மா கை ஒரு நொடி நின்னுட்டு திரும்ப முந்தானையில காசு முடிச்ச அவுக்கும். பாக்குறவனுக்கு விஷயம் புரிஞ்சிரும், பிரிவுங்கிற சொல்லே வரத் தேவயில்ல.

இப்ப இத எப்படி எடுக்குறது. லயக் காம்பரால, அதாவது லயத்து அறையில, பெரும்பாலும் ஒரு வாசல், ஒரு சின்ன ஜன்னல், அவ்வளவுதான் வெளிச்சம். கெமராவ உள்ள வச்சு வாசலப் பாத்த மாதிரி எடுத்தா ஆள் கரியாத்தான் தெரியும். உங்களுக்கு அதுதான் வேணும்னா சரி, முகம் வேணும்னா ஆள வாசலுக்கு பக்கவாட்டுல நிக்க வைங்க, வெளிச்சம் ஒரு கன்னத்துல விழும், மறு பக்கம் இருட்டாவே கெடக்கட்டும், நல்லாத்தான் இருக்கும். டியூப் லைட்ட நிப்பாட்டிருங்க. போட்டே ஆகணும்னா போன் கெமராவ செக்கனுக்கு 25 ஃபிரேம்லயும் ஷட்டர ஒரு செக்கனோட 50ல ஒரு பங்குலயும் (1/50) வைங்க, ஏன்னா நம்ம கரண்ட் 50 ஹெர்ட்ஸ், போன்ல வழக்கமா இருக்குற 30 ஃபிரேம்ல எடுத்தா லைட் துடிக்கிறது வீடியோவுல கோடு கோடா ஓடும். மேனுவலா மாத்த முடியிற கெமரா ஆப் இலவசமாவே இருக்கு.

அம்மாவுக்கும் மகனுக்கும் நடுவுல ஒரு கோடு இருக்குன்னு நெனச்சுக்கங்க. கெமரா அந்தக் கோட்டுக்கு ஒரே பக்கம்தான் நிக்கணும். அந்தப் பக்கம் தாண்டினா வெட்டி ஒட்டுறப்ப ரெண்டு பேரும் ஒரே திசையப் பாத்து பேசுற மாதிரி ஆயிரும். இந்த விதிய உடைக்கலாம், ஆனா ஏன் உடைக்கிறீங்கன்னு உங்களுக்கு தெரிஞ்சிருக்கணும். மொதல்ல முழு சீனையும் அகலமான ஒரே ஷாட்ல எடுங்க, அப்புறம் அம்மா பக்கம், மகன் பக்கம், கடைசில கை, கூடை, கிளாஸ். அகல ஷாட்ட மொதல்ல எடுக்கச் சொல்றதுக்கு நம்ம ஊர்ல இன்னொரு காரணமும் இருக்கு, வெளிய வெயில் அடிச்சுகிட்டு இருக்கும், அரமணி நேரத்துல மூடுபனி வந்து வாசலே வெள்ளையாயிரும். க்ளோசப்ப அதுக்கப்புறமும் சமாளிச்சிரலாம், அகல ஷாட்ட சமாளிக்க ஏலாது.

கூடையில இருக்குற கொழுந்த மறந்துராதீங்க. காலையில எடுத்த ஷாட்ல பச்சப்பசேல்னு இருந்த கொழுந்து பின்னேரம் க்ளோசப் எடுக்குறப்ப வாடி கருத்துப் போயிருக்கும். தோட்டத்து ஆளுங்க பாத்த ஒடனேயே சிரிப்பாங்க. கொழுந்து எவ்வளவு நெறஞ்சிருந்துச்சு, கயிறு தலையில எப்படி இருந்துச்சு, சட்டைக் கைய எத்தன மடிப்பு மடிச்சிருந்தாங்கன்னு ஒவ்வொரு ஷாட்டுக்கும் போன்ல ஒரு போட்டோ எடுத்து வைக்க ஒரு ஆளப் போடுங்க. பெரிய செட்ல இதுக்குன்னே தனி ஆள் இருப்பாங்க, கன்டினியூட்டின்னு சொல்வாங்க.

நடிக்க வர்றவங்ககிட்ட "சோகமா நில்லுங்க"ன்னு மட்டும் சொல்லாதீங்க, மூஞ்சிய தொங்கப் போட்டுட்டு நிப்பாங்க. செய்ய ஒரு வேல குடுங்க. "அம்மா கண்ணப் பாக்காம டீய ஆத்து, சீனி கரையிற வரைக்கும் நிமிராத". வேல செய்யிற கை பொய் சொல்லாது, மூஞ்சி தானா வரும். நம்ம ஊர்ல நடிகர்களுக்கு பஞ்சமே இல்ல, காமன் கூத்து, பொன்னர் சங்கர், அருச்சுனன் தபசு ஆடுற ஆளுங்க எத்தன தோட்டத்துல இருக்காங்க. அவங்க ராத்திரி பூரா திறந்த வெளியில கடைசி ஆளுக்கும் கேக்குற மாதிரி ஆடிப் பழகினவங்க, அதனால கையும் குரலும் பெருசாத்தான் வரும். கொறைங்க கொறைங்கன்னு சொல்லி அவமானப்படுத்தாம, எடுத்தத போன்ல போட்டு ஒரு தடவ காட்டுங்க. கெமரா எவ்வளவு பக்கத்துல இருக்குன்னு அவங்களே புரிஞ்சிக்குவாங்க, அடுத்த டேக்ல பாருங்க வித்தியாசத்த. வயசுல மூத்தவங்கள அண்ணே, அக்கா, மாமான்னு சொல்லியே வேல வாங்குங்க, டைரக்டர்ங்கிறதுக்காக அதட்டினா அடுத்த நாள் ஒருத்தரும் வரமாட்டாங்க.

சத்தம். இதுலதான் நம்ம பக்கத்து குறும்படங்கள் பாதி சாகுது. படம் கொஞ்சம் மங்கலா இருந்தாலும் ஜனங்க பாப்பாங்க, பேசுறது கேக்கலன்னா மூடிட்டு போயிருவாங்க. லயத்துல சுவருக்கு மேல கூரை வரைக்கும் இடைவெளி இருந்தா பக்கத்துக் காம்பரா டிவி உங்க சீன்லதான் ஓடும். ஷூட்டிங்குக்கு முன்னாடியே வரிசையா ஒவ்வொரு வீட்டுக்கும் போய் சொல்லிட்டு வர ஒரு பொடியன வைங்க, அவன்தான் உங்க யூனிட்ல முக்கியமான ஆள். தகரத்துல மழை விழுந்தா வசனத்த மறந்துருங்க, அந்த நேரத்துல வசனம் இல்லாத ஷாட் எடுங்க. வாங்குறதுன்னா கெமராவுக்கு முன்னாடி ஒரு சட்டையில குத்துற மைக் வாங்குங்க, அதுவும் இல்லன்னா இன்னொரு போன்ல ரெக்கார்டர ஆன் பண்ணி நடிகர் மேல்பையில போட்டுட்டு, ரெண்டையும் சேக்குறதுக்கு ஆரம்பத்துல ஒரு கைதட்டு தட்டுங்க. ஒவ்வொரு எடத்துலயும் யாரும் பேசாம ஒரு நிமிஷம் வெறும் சத்தத்த பதிவு பண்ணி வைங்க. எடிட்ல வெட்டு தெரியாம ஒட்ட அது வேணும்.

மழை, பனி

கொழும்பு யூனிட்டுங்க இங்க வந்து முழிக்கிறது இந்த விஷயத்துலதான், நீங்க இதத் தெரிஞ்ச ஆளா இருந்தா அதுவே உங்களுக்கு வேல வாங்கிக் குடுக்கும். மே மாசத்துல இருந்து செப்டம்பர் வரைக்கும் தென்மேல் பருவமழை மேற்குச் சரிவுல, அதாவது ஹட்டன், மஸ்கெலியா, நோர்வூட், கினிகத்தேன பக்கம் விடாம அடிக்கும். அதே நேரம் மலைக்கு அந்தப் பக்கம் பண்டாரவளை, அப்புத்தளை, வெலிமடையெல்லாம் காஞ்சு போய் காத்து வீசிகிட்டு இருக்கும். டிசம்பர்ல இருந்து பெப்ரவரி வரைக்கும் நெலம மாறும், வடகீழ் மழை பதுளைப் பக்கம் விழும். ஜனவரி கடைசில இருந்து மார்ச் வரைக்கும் ஹட்டன் பக்கம் காலையில பளிச்சுன்னு இருக்கும், ஆனா அது சிவனொளிபாத மலை யாத்திரை சீசன், ரோட்டுல பஸ்ஸும் வேனும் நெறஞ்சு ரூம் வாடகையும் ஏறியிருக்கும். ஏப்ரல்லயும் ஒக்டோபர் நவம்பர்லயும் காலை நல்லாருக்கும், மதியத்துக்கு மேல இடி மழை, அதனால வெளிப்புறத்த காலையிலயே முடிச்சிட்டு பின்னேரம் உள்ள எடுக்குற மாதிரி ஷெட்யூல் போடுங்க.

மூடுபனியில போன் கெமராவோட ஆட்டோஃபோகஸ் எங்க நிக்கிறதுன்னு தெரியாம முன்னயும் பின்னயும் அலையும். ஆள் மேல விரல வச்சு அழுத்திப் புடிச்சு லொக் பண்ணிருங்க, வெளிச்சத்தயும் கொஞ்சம் ஏத்துங்க, இல்லாட்டி வெள்ளப் பனிய கெமரா சாம்பலாக்கிரும். குளிர்ல இருந்து நேரா அடுப்பு எரியிற குசினிக்குள்ள கெமராவ கொண்டு போனா லென்ஸ்ல தண்ணி கோத்துக்கும். உள்ள போறதுக்கு முன்னாடி பொலித்தீன் பையில போட்டு காத்து போகாம கட்டி, கொஞ்ச நேரம் அப்படியே வச்சிருந்து அப்புறம் தொறங்க. குளிர்ல பற்றரியும் சீக்கிரம் எறங்கும், மேலதிக பற்றரிய உள்சட்டைப் பையில உடம்புச் சூட்டுல வச்சுக்கங்க.

அனுமதி

தோட்டத்துக்குள்ள எடுக்குறதுன்னா துரைகிட்ட, அதாவது தோட்ட மேனேஜர்கிட்ட, எழுத்துல கேளுங்க, கம்பனி ஹெட் ஆபீஸ்ல கேட்டுட்டு சொல்றேம்பாங்க, நாளாகும், அதனால முன்கூட்டியே குடுங்க. ரயில் பாதையில, ஸ்டேஷன்ல எடுக்க ரயில்வே திணைக்களம், ஹோட்டன் சமவெளின்னா வனஜீவராசிகள் திணைக்களம். ட்ரோன் பறக்க விடுறதுன்னா சிவில் விமான சேவை அதிகாரசபையில பதிவு வேணும், கல்யாண வீட்ல எல்லாரும் விடுறாங்களேன்னு நீங்களும் விட்டுறாதீங்க.

ஆனா காகிதத்த விட பெரிய விஷயம் ஒன்னு இருக்கு. வேல நேரத்துல கொழுந்து எடுக்குற அக்காமார நிப்பாட்டி வச்சு ஷூட் பண்ணினா கொழுந்து நிறுவை கொறையும், அன்னைக்கு அவங்களுக்கு அரப் பேருதான், அதாவது அர நாள் சம்பளந்தான் விழும். உங்க ஆர்ட்டுக்காக அவங்க ஏன் அரப் பேர் வாங்கணும்? ஞாயித்துக்கிழமயில எடுங்க, லீவு நாள்ல எடுங்க, அன்னைக்கு அவங்களுக்கு கூலியும் சாப்பாடும் குடுங்க. டாக்குமெண்டரியில சம்பளம், வீட்டுப் பிரச்சினன்னு பேசுறவங்ககிட்ட அவங்க முகம் வெளிய வந்தா அடுத்த நாள் தோட்டத்துல என்ன நடக்கும்னு கேட்டு, அவங்க சரின்னு சொன்னா மட்டும் முகத்த காட்டுங்க. புள்ளைங்கள எடுக்குறதுன்னா அம்மா அப்பாகிட்ட கேக்காம எடுக்கவே கூடாது. உடஞ்ச லயத்தயும் மூக்கு வடியிற புள்ளயயும் எடுத்துட்டு போய் விருது வாங்குற பழக்கம் வெளியாளுங்ககிட்ட போதும்போதும்ங்குற அளவுக்கு இருக்கு, நம்மளும் அதச் செய்யத் தேவயில்ல.

படிப்பா, அனுபவமா

ரெண்டும்தான். ஸ்கூல்ல இருக்குறவங்க ஏ எல்லுக்கு நாடகமும் அரங்கியலும், தொடர்பாடலும் ஊடகக் கற்கையும்னு பாடங்கள் இருக்கு, உங்க ஸ்கூல்ல இருக்கான்னு பாருங்க. கெம்பஸ்னா மட்டக்களப்புல சுவாமி விபுலானந்தா அழகியற் கற்கைகள் நிறுவகம், யாழ்ப்பாணத்துல ஊடகக் கற்கை, களனியில வெகுஜனத் தொடர்பாடல். கெம்பஸ் கெடைக்கலன்னா கொழும்புல இலங்கை தொலைக்காட்சிப் பயிற்சி நிறுவனத்துல குறுகிய கால பாடநெறிகள் உண்டு, எந்த மொழியில நடத்துறாங்கன்னு மொதல்லயே போன் போட்டு கேட்டுக்கங்க. வசதி இருந்தா பூனே திரைப்பட நிறுவனம், சென்னை தரமணி அரசு நிறுவனம். இந்தியாவுக்கு போய் படிக்க இந்திய அரசாங்கத்தோட புலமைப்பரிசில்களும் இருக்கு, விவரத்த கண்டியில இருக்குற இந்திய உதவி உயர்ஸ்தானிகராலயத்துல கேக்கலாம். மட்டக்களப்புல பொறந்த பாலு மகேந்திரா பூனேக்கு போய் ஒளிப்பதிவு படிச்சவர். சின்ன வயசுல ஸ்கூல் பயணத்துல ஆங்கில டைரக்டர் டேவிட் லீனோட 'தி பிரிட்ஜ் ஆன் தி ரிவர் குவாய்' பட ஷூட்டிங்க பாத்ததுதான் தன்ன இதுக்குள்ள இழுத்துச்சுன்னு சொல்லியிருக்கார், அந்தப் படத்துக்கு பாலம் கட்டினது நம்ம ஹட்டன்ல இருந்து கீழ எறங்குற ரோட்டுல இருக்குற கித்துல்கலயிலதான். 70கள்ல வி.பி. கணேசன் தோட்டத்து ஜனங்களோட கதைய வச்சு சொந்தமா படம் தயாரிச்சு நடிச்சார். சிங்கள சினிமா டைரக்டர் லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸ் அரசாங்க திரைப்படப் பிரிவுல டாக்குமெண்டரி எடுத்துகிட்டு இருந்து, அத விட்டுட்டு 1956ல ஸ்டூடியோவுக்கு வெளிய கெமராவ தூக்கிட்டுப் போய் மொத முழுநீளப் படத்த எடுத்தார். யாரும் ஒரே பாதையில போகல.

அசிஸ்டன்டா சேர்றதுதான் நெசமான ஸ்கூல்னு நான் நெனைக்கிறேன். செட்ல மொத அசிஸ்டன்ட் ஷெட்யூலப் பாத்து ஆளுங்கள ஓட்டுவார், ரெண்டாவது ஆள் நாளைக்கு யார் எத்தன மணிக்கு எங்க வரணும்னு கோல் ஷீட் போடுவார், கடைசியா சேர்ந்தவருக்கு கிளாப், டீ, கூட்டத்த ஒதுக்குறது. மலையகத்துல சிங்கள டெலிநாடக யூனிட், விளம்பர யூனிட்டுன்னு வந்துகிட்டுதான் இருக்கு. அவங்களுக்கு லொகேஷன் காட்டவும், தமிழ் பேசவும், தோட்டத்துல ஆள் புடிக்கவும் ஒரு உள்ளூர் ஆள் தேவ. அந்த வாசல் வழியா உள்ள போங்க. செட்ல பாஷ சிங்களந்தான், அதனால தயங்காம பேசப் பழகிக்கங்க. வேல நடக்குறப்ப டைரக்டருக்கு பின்னாடி நின்னு அவர் மூணாவது டேக்க ஏன் வேணாம்னு சொன்னார்னு யோசிங்க. அப்பவே கேக்காதீங்க, சாப்பாட்டு நேரத்துல கேளுங்க.

டிவி வேற மாதிரி. ஸ்டூடியோவுல மூணு நாலு கெமரா ஒரே நேரத்துல ஓடும், டைரக்டர் கன்ட்ரோல் ரூம்ல உக்காந்து ஹெட்செட்ல "ரெண்டு ரெடி, ரெண்டு எடு"ன்னு சொல்லிகிட்டே இருப்பார், அந்த நொடியே வெட்டு விழுந்துரும், திரும்ப யோசிக்க நேரம் கெடயாது. ரூபவாஹினி 1982ல ஆரம்பிச்சது, இப்ப தமிழ்ல நேத்ரா, சக்தி, வசந்தம்னு சேனல்கள் இருக்கு. ஆனா தமிழ்ல நாடக நேரத்துல பெரும்பகுதிய இந்திய சீரியல் புடிச்சிருக்கு, அதனால நமக்கு வாசல் திறக்குறது மெகசின் நிகழ்ச்சி, செய்தித் தொகுப்பு, பொங்கல் தீபாவளி ஸ்பெஷல்லதான். அதுல பல எடத்துல தயாரிப்பாளர்னு பேர் இருக்குறவர்தான் டைரக்ஷனும் பண்ணுவார். ஃப்ளோர்ல உதவியாளா சேருங்க, நேரத்துக்கு வாங்க. நேரத்துக்கு வர்ற ஆளுக்கு டிவியில எப்பவும் எடம் உண்டு.

இடையில சோத்துக்கு என்ன பண்றது? கல்யாணம், சடங்கு, கோயில் திருவிழா வீடியோ எடுங்க. அத கேவலமா பாக்குற டைரக்டர்மார நான் மதிக்க மாட்டேன். தாலிய இன்னொரு தடவ கட்டச் சொல்ல ஏலாது, அதனால எங்க நின்னா எது நடக்கும்னு முன்கூட்டியே கணிக்குற பழக்கம் அங்கதான் வரும். எடிட்டிங்கையும் அதுலயே கத்துக்கலாம், டாவின்ச்சி ரிசால்வ் இலவச வேர்ஷனே நம்ம தேவைக்கு தாராளம், ஆனா லெப்டொப் கொஞ்சம் பலமானதா வேணும்.

படம் முடிஞ்சா யூடியூப்ல ஒடனே போட்டுறாதீங்க. சில விழாக்கள் இணையத்துல ஏற்கனவே வந்த படத்த எடுக்க மாட்டாங்க, விதிய வாசிச்சிட்டு போடுங்க. குறும்படம்னா 15 நிமிஷத்துக்குள்ள இருந்தா விழாக்காரங்களுக்கு நிகழ்ச்சியில சொருக லேசு. உள்ளூர்ல யாழ்ப்பாணம் சர்வதேச சினிமா விழா 2015ல இருந்து நடக்குது, அங்க போனா படம் தேர்வாகலன்னாலும் நாலு படைப்பாளிகளோட பேசலாம். தியேட்டர்ல காட்டுற முழுநீளப் படம்னா தணிக்கைச் சபை, திரைப்படக் கூட்டுத்தாபனம்னு வேற காகிதமெல்லாம் வரும். தணிக்கை இன்னமும் 1912ம் வருஷ சட்டத்துல இருந்து வர்றதுதான், ஸ்கிரிப்ட் எழுதுறப்பவே அத மனசுல வச்சுக்கங்க.

காசு விஷயத்த வாயால பேசி விட்டுறாதீங்க. எத்தன நாள், ஒரு நாளைக்கு எவ்வளவு, முன்பணம் எவ்வளவு, போக வர பஸ் காசு யாரு, எத்தன தடவ திருத்தம் செய்வீங்க, எடுத்த ஃபூட்டேஜ் யாருக்கு சொந்தம், டைட்டில்ல உங்க பேர் எப்படி வரும்னு வாட்ஸ்அப்லயாவது எழுதி அவங்ககிட்ட "சரி"ன்னு ஒரு பதில் வாங்கிருங்க. ஃபூட்டேஜ ரெண்டு ஹார்ட் டிஸ்க்ல காப்பி பண்ணி ஒன்ன வேற வீட்ல வைங்க, நம்ம பக்கம் மண்சரிவு வர்ற எடங்கிறத மறக்காதீங்க. மிச்சக் காசு கைக்கு வர்ற வரைக்கும் உங்க பேரு படத்து மேல ஓடுற காப்பியத்தான் அனுப்பணும், சுத்தமான காப்பி காசு வந்ததுக்கு அப்புறம்.